வியன்னாவில் முதல் ஓபரா: நின்றுகொண்டே பார்க்க ஒரு வழிகாட்டி

வியன்னாவுக்குச் சுற்றுலா போகிற நம்மவர்கள் பெரும்பாலும் அரசு ஓபரா மாளிகைக்கு (ஓபரா என்றால் பாட்டாலேயே கதை சொல்லும் மேடை நாடகம்) எதிரே நின்று ஒரு படம் எடுத்துக்கொண்டு, "உள்ளே போக இருநூறு யூரோ ஆகுமாம், கோட்டு சூட்டெல்லாம் வேணுமாம்" என்று யாரோ சொன்னதைக் கேட்டு ஷோன்புருன் அரண்மனைப் பக்கம் நடையைக் கட்டிவிடுகிறார்கள். இருநூறு யூரோவுக்கு மேலேயும் டிக்கெட் உண்டு, அது பொய்யில்லை. ஆனால் அதே மாலையில், அதே பாடகர்களை, ஒரு சுமாரான ஓட்டலில் சாப்பிடுகிற செலவில் நின்றுகொண்டு பார்க்கலாம். கண்துடைப்புக்காக ஒதுக்கிய மூலை என்று நினைத்துவிடாதீர்கள். தரைத்தளத்தில், மேடைக்கு நேர் எதிரே, ஒரு காலத்தில் சக்கரவர்த்தி உட்கார்ந்த நடுமாடத்துக்குக் கீழேயே அந்த இடம் இருக்கிறது. இந்த ஊரில் ஓபராவைக் கரைத்துக் குடித்தவர்கள் பல பேர் அங்கேதான் நிற்பார்கள். நீங்களும் அவர்களோடு போய் நில்லுங்கள் என்பதுதான் நான் சொல்ல வருவது. எப்படி என்று ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

1. முதலில் அட்டவணையைப் பாருங்கள்

செப்டம்பரில் தொடங்கி ஜூன் முடிய இங்கே சீசன். ஜூலை, ஆகஸ்டில் மாளிகை மூடியிருக்கும், இசைக்குழுவினர் பலர் சால்ஸ்பர்க் நகரத்து இசை விழாவுக்குப் போய்விடுவார்கள். அதனால் பள்ளி விடுமுறையை ஒட்டி ஜூலையில் விமான டிக்கெட் போட்டவர்களுக்கு உள்ளே ஓபரா கிடையாது. அவர்களுக்கு வேறு வழி இருக்கிறது, பின்னால் சொல்கிறேன்.

சீசனில் அநேகமாகத் தினமும் ஏதாவது நடக்கும். ஆனால் நேற்று நடந்தது இன்று நடக்காது. லண்டனிலும் நியூயார்க்கிலும் ஒரே மியூசிக்கல் வருடக்கணக்கில் தினமும் ஓடுகிறதே, அந்த ஏற்பாடு இங்கே இல்லை. திங்கட்கிழமை மொசார்ட் இசையமைத்தது, செவ்வாய்க்கிழமை பாலே நடனம், புதன்கிழமை புச்சினி இசையமைத்தது என்று மாறிக்கொண்டே இருக்கும், ஒரு சீசனுக்குள் ஐம்பது படைப்புகளாவது மேடையேறிவிடும், அதற்காகப் பகல் முழுக்க மேடைத் தொழிலாளர்கள் ஒரு செட்டைப் பிரித்து லாரியில் ஏற்றிவிட்டு அடுத்ததை நிறுத்திக்கொண்டிருப்பார்கள். ஆகவே ஊரில் மூன்று நாள் இருக்கிறீர்கள் என்றால் மூன்று வெவ்வேறு ஓபரா உங்கள் முன் இருக்கிறது. எது என்று பார்த்து நாளைத் தேர்ந்தெடுங்கள்.

முதல்முறை போகிறவருக்கு என் சிபாரிசு புச்சினியின் 'டோஸ்கா' அல்லது 'லா போஹேம்'. காரணம் இசை மட்டுமல்ல. டோஸ்கா 1958-இல் மார்கரெத்தா வால்மன் இயக்கியது, போஹேம் 1963-இல் ஃபிராங்கோ ஸெஃபிரெல்லி இயக்கியது. இரண்டையும் இன்றுவரை மாற்றாமல் வைத்திருக்கிறார்கள், டோஸ்கா அறுநூறு தடவைக்கு மேல் நடந்தாயிற்று. கதை ரோமில் ஒரு தேவாலயத்தில் நடக்கிறது என்றால் மேடையில் தேவாலயமே இருக்கும். புதிய இயக்குநர்கள் சிலர் அதே கதையைத் தொழிற்சாலையிலோ ஆஸ்பத்திரியிலோ கொண்டுபோய் வைப்பார்கள். அதை ரசிக்க மூலக்கதை ஏற்கெனவே நெஞ்சில் இருக்க வேண்டும். மொசார்ட்டின் 'மந்திரக் குழல்' குழந்தைகளோடு போக நல்லது, அது 1791-இல் இதே ஊரில்தான் முதலில் மேடையேறியது.

ஜெர்மன் இசையமைப்பாளர் வாக்னரின் ஓபராக்களைத் தள்ளிப்போடுங்கள். 'மைஸ்டர்ஸிங்கர்' இடைவேளைகளோடு ஐந்து மணி நேரத்தைத் தாண்டும். 'ரைன்கோல்ட்' சின்னது என்று யாராவது சொன்னால் நம்பிவிடாதீர்கள், இரண்டரை மணி நேரம், நடுவில் இடைவேளையே கிடையாது, நிற்கப்போவது உங்கள் கால்.

பிப்ரவரி வாக்கில் போகிறவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. கிறிஸ்தவர்களின் தவக்காலம் தொடங்கும் சாம்பல் புதனுக்கு முந்தைய வியாழக்கிழமை இங்கே ஓபரா பால் என்ற பெரிய நடன விருந்து. அதற்காக நாற்காலிகளையெல்லாம் கழற்றிவிட்டு மேடை உயரத்துக்குப் பலகைத் தளம் போட்டு அரங்கத்தையே நடனக்கூடமாக மாற்றிவிடுவார்கள். அதற்கு முன்பின் சில நாட்கள் வழக்கமான நிகழ்ச்சி இருக்காது.

2. கதையைப் படித்துவிட்டுப் போங்கள்

இது திரில்லர் படம் இல்லை, முடிவு தெரிந்துவிட்டால் சுவாரஸ்யம் போய்விடும் என்று பயப்பட ஒன்றுமில்லை. டோஸ்காவில் கடைசியில் என்ன ஆகும் என்று அரங்கில் இருக்கிற அத்தனை பேருக்கும் தெரியும், தெரிந்துதான் வருகிறார்கள். அங்கம் அங்கமாகக் கதைச் சுருக்கத்தை ஒருமுறை படித்து, இரண்டாம் அங்கத்தில் கதாநாயகி டோஸ்கா தனியாகப் பாடும் பாட்டை நாலைந்து தடவை கேட்டுவிட்டுப் போனால் போதும். அன்றிரவு அந்த இடம் வரும்போது சுற்றியிருப்பவர்கள் இருமலைக்கூட அடக்கிக்கொள்வதைப் பார்ப்பீர்கள்.

மொழி தெரியாதே என்ற கவலை வேண்டாம். ஒவ்வொரு இருக்கைக்கு முன்னாலும், நிற்கும் இடத்தின் கம்பியிலும், சின்னத் திரை ஒன்று இருக்கும். அதில் ஆங்கிலம் உட்படப் பல மொழிகளில் வசனம் ஓடும். தமிழ் இல்லை.

3. டிக்கெட்

உட்காரும் டிக்கெட் வேண்டுமென்றால் மாளிகையின் சொந்த இணையதளத்தில் மாதக்கணக்கில் முன்னதாகவே வாங்கிவிடுவது உத்தமம். ஒரு விஷயம் கவனியுங்கள். பக்கவாட்டு மாடங்களில் பின்வரிசை டிக்கெட் விலை மிகக் குறைவாக இருக்கும், ஆசையாக வாங்கிவிடுவோம். அங்கே உட்கார்ந்தால் முன்னால் இருப்பவரின் தலையும் மேடையின் கால்வாசியும்தான் தெரியும். இசை மட்டும் கேட்டால் போதும் என்பவர்களுக்கான இடம் அது. அந்தப் பணத்துக்கு நடுவில் நிற்பதே மேல்.

நிற்கும் டிக்கெட் நிகழ்ச்சி நாளன்று காலை 10 மணிக்கு இணையத்திலும் கவுன்ட்டரிலும் விற்பனைக்கு வரும். மிச்சமிருப்பது மாலையில் நிகழ்ச்சிக்கு 80 நிமிடம் முன்னால், ஓபர்ன்காஸ்ஸே தெருப் பக்கம் இருக்கிற தனி கவுன்ட்டரில். விலையும் விதியும் சீசனுக்குச் சீசன் மாறுவதால் போவதற்கு முதல் நாள் ஒருமுறை இணையதளத்தைப் பார்த்துவிடுங்கள். பேர்போன பாடகர் பாடும் நாளில் காலையிலேயே காலியாகிவிடும். சாதாரணச் செவ்வாய்க்கிழமை என்றால் அவ்வளவு அடிதடி இருக்காது.

மூன்று இடங்களில் நிற்கலாம்: தரைத்தளம், பால்கனி, எல்லாவற்றுக்கும் மேலே கேலரி. பார்வைக்குத் தரைத்தளம். அது கிடைக்காவிட்டால் நான் கேலரியின் நடுப்பகுதியைத்தான் எடுப்பேன், அங்கே ஒலி அவ்வளவு நன்றாக ஏறிவரும், பாடகர்கள் மட்டும் கட்டைவிரல் அளவுக்குத் தெரிவார்கள். மேலே இரண்டு ஓரங்களைத் தவிருங்கள், கழுத்து சுளுக்கிக்கொள்ளும்.

தெருவில் மொசார்ட் மாதிரி வெள்ளை விக்கும் சிவப்புக் கோட்டும் போட்டுக்கொண்டு சில இளைஞர்கள் கையில் அட்டையோடு உங்களை மறிப்பார்கள். அவர்கள் விற்பது சுற்றுலாப் பயணிகளுக்காக வேறு ஏதோ ஒரு கூடத்தில் நடக்கும் துண்டுதுண்டான கச்சேரிக்கு. அதில் போய் மகிழ்ந்தவர்களும் உண்டு, குறை சொல்லவில்லை. ஆனால் ஓபரா மாளிகை வாசலில் நின்று விற்பதால் அது ஓபரா டிக்கெட் ஆகிவிடாது.

4. என்ன உடுத்துவது

நிற்கும் இடத்துக்குச் சுத்தமான பேன்ட் சட்டை போதும். அரைக்கால் சட்டை, ரப்பர் செருப்பு, கையில்லாத பனியன் வேண்டாம், வாசலில் மடக்கினாலும் மடக்குவார்கள். பட்டுச் சேலையில் போகிறவர்கள் தாராளமாகப் போகலாம், பாராட்டுத்தான் கிடைக்கும். எதை உடுத்தினாலும் காலணி மட்டும் மெத்தென்று இருக்கட்டும். குளிர்காலக் கோட்டையும் பெரிய பையையும் உள்ளே விடமாட்டார்கள், கோட்டு வைக்கும் கவுன்ட்டரில் கொடுத்துவிட வேண்டும். அப்படிக் கொடுக்கும்போது கழுத்தில் இருக்கிற ஸ்கார்ஃபை மட்டும் கொடுத்துவிடாதீர்கள், அது தேவைப்படும்.

5. துண்டு போடுவது

டிக்கெட்டில் இட எண் அச்சாகியிருந்தால் நேரே அங்கே போய்விடலாம். இல்லையென்றால் கதவு திறந்ததும் முன்னால் போகிறவர்களுக்கு முன்கம்பி. உங்கள் இடத்துக் கம்பியில் ஸ்கார்ஃபை ஒரு முடிச்சுப் போட்டுவிட்டு நிம்மதியாக வெளியே போய்த் தண்ணீர் குடித்து வரலாம், யாரும் தொடமாட்டார்கள். நம் ஊர் பஸ்ஸில் ஜன்னல் வழியாகத் துண்டு போட்டு இடம் பிடிப்பது மாதிரியேதான், ஒரே வித்தியாசம், இங்கே அதற்காகச் சண்டை வராது. பலகாலமாக வருகிற வழக்கம் அது. காலி என்று நினைத்து அடுத்தவர் முடிச்சை அவிழ்த்தீர்களோ, பக்கத்தில் நிற்கிற பாட்டியம்மாவே உங்களை ஒரு பிடி பிடித்துவிடுவார்.

அந்தப் பாட்டியம்மாவிடம் இரண்டு வார்த்தை பேசிப்பாருங்கள். நிற்பவர்களில் அன்றாடம் வருகிறவர்கள் உண்டு. இந்தப் பாடகி போன வாரத்தைவிட இன்று குரல் கம்மல், இசைக்குழுவை நடத்துகிற அந்த நடத்துநர் இரண்டாம் அங்கத்தை ஓட்டமாக ஓட்டிவிடுவார் என்று விமர்சகர்களைவிடக் கறாராகச் சொல்வார்கள்.

6. சீக்கிரம் போய்க் கட்டடத்தைப் பாருங்கள்

அரை மணி நேரம் முன்னால் உள்ளே இருந்தால் கண்ணுக்கு விருந்து. வாசல் படிக்கட்டும் முன்கூடமும் தங்கமும் பளிங்குமாக ஜொலிக்கும். அதே எதிர்பார்ப்போடு அரங்கத்துக்குள் நுழைந்தால் பல பேருக்குச் சப்பென்று ஆகிவிடும், எளிய வெள்ளை மாடங்கள், கூரையில் வளையமாக ஒரு படிக விளக்கு, அவ்வளவுதான். ஏன் இப்படி என்றால், இரண்டும் ஒரே காலத்துக் கட்டடம் இல்லை. 1945 மார்ச் 12-ஆம் தேதி குண்டுவீச்சில் அரங்கமும் மேடையும் எரிந்துபோயின. 120 ஓபராக்களுக்கான செட்டும் சுமார் 1,50,000 உடைகளும் சாம்பலாயின. முகப்பும் முன்கூடமும் பெரிய படிக்கட்டும் மட்டும் தப்பின. பத்து வருடம் மற்ற அரங்குகளில் ஒண்டிக்கொண்டிருந்த ஓபரா, 1955 நவம்பர் 5 அன்று பேத்தோவனின் 'ஃபிடெலியோ'வோடு தன் வீட்டுக்குத் திரும்பியது. அநியாயமாகச் சிறையில் கிடப்பவர்கள் வெளிச்சத்துக்கு வரும் கதை அது. அந்த வருடம்தான் ஆஸ்திரியாவை விட்டு அந்நியப் படைகளும் வெளியேறியிருந்தன என்பதால் அன்று அரங்கில் இருந்தவர்களுக்கு அது வெறும் கதையாக இருந்திருக்காது.

மூலக் கட்டடத்தின் கதை இன்னும் சோகமானது. வான் டெர் நுல், சிக்கார்ட்ஸ்பர்க் என்று இரண்டு கட்டடக் கலைஞர்கள் சேர்ந்து கட்டினார்கள். வேலை தொடங்கிய பிறகு முன்னால் இருக்கும் ரிங் சாலையின் மட்டத்தை ஒரு மீட்டர் அளவுக்கு உயர்த்திவிட்டார்கள், கட்டடம் பள்ளத்தில் புதைந்தது போல ஆகிவிட்டது. ஊரே கேலி செய்தது. 1868 ஏப்ரலில் வான் டெர் நுல் தூக்கு மாட்டிக்கொண்டார், சில வாரங்களிலேயே சிக்கார்ட்ஸ்பர்க்கும் நோயில் இறந்தார். 1869 மே 25-ஆம் தேதி மொசார்ட்டின் 'டான் ஜோவான்னி'யோடு திறப்பு விழா நடந்தபோது இருவருமே உயிரோடு இல்லை. அதற்குப் பிறகு சக்கரவர்த்தி பிரான்ஸ் யோசேப் எந்தக் கலைப்படைப்பைக் காட்டினாலும் "மிக அழகாக இருந்தது, மிகவும் மகிழ்ந்தேன்" என்பதைத் தாண்டி ஒரு சொல் சொல்வதில்லை என்பார்கள். இன்றைக்குப் பார்த்தால் அந்தக் கட்டடத்தில் என்ன குறை கண்டார்கள் என்றே தெரியவில்லை.

மேடையில் தீப்பிடித்தால் அரங்கத்துக்குப் பரவாமல் தடுக்க முன்னால் தொங்கும் இரும்புத் திரையையும் பார்த்துவிடுங்கள். 1881 டிசம்பர் 8-ஆம் தேதி இதே ஊரில் ரிங் தியேட்டர் என்ற அரங்கம் தீப்பிடித்து நூற்றுக்கணக்கானோர் இறந்தார்கள், அதன் பிறகு வந்த கடுமையான சட்டங்களின் மிச்சம் இந்தத் திரை. 1998-இலிருந்து ஒவ்வொரு சீசனுக்கும் ஒரு தற்கால ஓவியரின் பிரம்மாண்டமான படம் அதன்மேல் ஏறுகிறது.

7. விளக்கு அணைந்த பிறகு

தாமதமாக வந்தால் கதவு திறக்காது, அங்கம் முடியும் வரை வெளியே டிவியில் பார்த்துக்கொண்டிருக்க வேண்டியதுதான். 1897 முதல் 1907 வரை இந்த மாளிகையின் இயக்குநராக இருந்த இசையமைப்பாளர் குஸ்தாவ் மாலர் கொண்டுவந்த கண்டிப்பு இது. (யூதராகப் பிறந்த அவர் இந்தப் பதவிக்காகக் கத்தோலிக்கராக மாற வேண்டியிருந்தது என்பதும் இந்த ஊரின் கதைதான்.)

செல்போனை அணைத்துவிடுங்கள், அதிர்வில்கூட வைக்காதீர்கள். தொடையில் தாளம் போடும் பழக்கம் உள்ளவர்கள் கையைக் கட்டிக்கொள்ளுங்கள். பெரிய பாட்டு முடிந்ததும் கைதட்டலாம், சந்தேகமாக இருந்தால் மற்றவர்கள் தட்டும்வரை பொறுங்கள். ஆண் பாடினால் பிராவோ, பெண் பாடினால் பிராவா, எல்லோருக்கும் சேர்த்து பிராவி என்று கூவுவார்கள். புதுத் தயாரிப்பின் முதல் நாளென்றால் இயக்குநர் மேடைக்கு வரும்போது 'பூ' என்று ஊளையிடுவதும் நடக்கும், கலவரம் என்று பதற வேண்டாம், அது சகஜம். வாக்னரின் 'பார்ஸிஃபல்' முதல் அங்கம் முடிந்ததும் மட்டும் யாரும் கைதட்டமாட்டார்கள். அப்போது தெரியாமல் தட்டுகிறவரை நோக்கி நாலாபுறமும் 'உஷ்' பறக்கும்.

கீழே பள்ளத்தில் வாசிக்கிற இசைக்குழுவையும் கவனியுங்கள். உலகப் புகழ்பெற்ற வியன்னா ஃபில்ஹார்மோனிக் வேறு யாருமல்ல, இவர்களேதான். இந்தப் பள்ளத்தில் சில வருடம் வாசித்துத் தேறியவர்தான் அதில் உறுப்பினராக முடியும். 1842-இல் தொடங்கிய அந்தக் குழு 1997-இல்தான் முதல் பெண் உறுப்பினரைச் சேர்த்துக்கொண்டது, அதுவும் ஊரெல்லாம் திட்டித் தீர்த்த பிறகு.

கால் வலித்தால் இடைவேளையில் கிளம்பிவிடலாம், அவமானம் ஒன்றுமில்லை, நிற்பவர்களில் பாதிப் பேர் அப்படிச் செய்வதுண்டு.

8. டிக்கெட் கிடைக்கவில்லை என்றால்

வசந்தத்திலும் செப்டம்பரிலும் பல இரவுகளில் உள்ளே நடப்பதை அப்படியே மாளிகையின் பக்கச் சுவரில் பெரிய திரையில் நேரலையாகக் காட்டுவார்கள். அந்தச் சுவரை ஒட்டிய கரயான் சதுக்கத்தில் நாற்காலி போட்டிருக்கும், காசு கிடையாது. கோடையில் வருகிறவர்களுக்கு நகர மண்டபத்தின் முன்னால் நடக்கும் திரை விழா இருக்கிறது, அங்கேயும் பதிவு செய்யப்பட்ட ஓபராக்களை இலவசமாகப் போடுவார்கள், சுற்றிச் சாப்பாட்டுக் கடைகள்.

பெரிய மாளிகையின் பகட்டு வேண்டாம், சிரித்துவிட்டு வரலாம் என்றால் யு6 மெட்ரோவில் ஏறி ஃபோல்க்ஸ்ஓப்பர் என்ற இன்னொரு அரங்கத்துக்குப் போங்கள். 1898-இல் திறந்தது, ஆப்பரெட்டா என்ற இலகுவான பாட்டு நாடகத்துக்குப் பேர்போன இடம், குடும்பமாக வருகிற உள்ளூர்க்காரர்கள் அதிகம். காய்கறிச் சந்தையான நாஷ்மார்க்ட்டை ஒட்டி இருக்கிற தியேட்டர் ஆன் டெர் வீன் 1801-இல் கட்டியது. ஃபிடெலியோவின் முதல் வடிவம் 1805-இல் அங்கேதான் அரங்கேறித் தோற்றது, நெப்போலியனின் படை ஊருக்குள் புகுந்து ஒரு வாரம்தான் ஆகியிருந்தது, பார்க்க வந்ததில் பிரெஞ்சு அதிகாரிகளே அதிகம்.

மியூசிக்ஃபெரைன் என்ற கச்சேரி மாளிகையின் தங்க மண்டபத்திலும் பின்பக்கம் நிற்கும் இடம் உண்டு. வியன்னா ஃபில்ஹார்மோனிக்கின் புத்தாண்டுக் கச்சேரிக்கு மட்டும் ஆசைப்படாதீர்கள், முந்தைய பிப்ரவரியில் பெயர் பதிந்து குலுக்கலில் விழ வேண்டும். வருடத்தின் மற்ற நாட்களில் அதே மண்டபம், அதே ஒலி.

அப்புறம், பலருக்குத் தெரியாத ஒன்று. ஞாயிறு காலை 11 மணிக்கு அகுஸ்தீனர் தேவாலயத்தில் ஹைடன், மொசார்ட், ஷூபர்ட் எழுதிய திருப்பலி இசையை முழு இசைக்குழுவோடு, பாடகர்களோடு, வழிபாட்டின் பகுதியாகவே பாடுவார்கள். டிக்கெட் இல்லை, தட்டில் ஏதாவது போட்டால் சரி. வழிபாடு என்பதால் நடுவில் எழுந்து படமெடுக்கக் கூடாது. ஓபரா மாளிகையிலிருந்து ஐந்து நிமிட நடை.

9. முடிந்து வெளியே வந்ததும்

பசிக்கும். எதிரிலேயே ஸாகர் ஓட்டலின் கேக் உண்டு, வரிசையும் விலையும் அதற்கேற்ற மாதிரி. ஊர்க்காரர்கள் கொஞ்சம் தள்ளி, ஆல்பர்ட்டீனா அருங்காட்சியகத்தின் கீழே இருக்கும் தள்ளுவண்டிக் கடை போன்ற சாஸேஜ் கடைக்குப் போவார்கள். நீள கவுன் போட்ட அம்மாவும், கருப்புக் கோட்டுக்காரரும், டாக்ஸி ஓட்டுநரும் ஒரே உயர மேஜையில் முழங்கையை ஊன்றிக்கொண்டு காகிதத் தட்டில் கடுகுச் சாஸைத் தொட்டுச் சாப்பிட்டுக்கொண்டிருப்பார்கள். சைவர்கள் அங்கே சீஸ் வைத்தது என்று நம்பி கேஸெக்ரைனர் வாங்கிவிடாதீர்கள், சீஸ் உள்ளே இருப்பது உண்மைதான், அதைச் சுற்றி இருப்பது பன்றி இறைச்சி. ரொட்டியும் ஊறுகாய் வெள்ளரியும் கேட்டு வாங்கிக்கொள்ளலாம்.

திரும்புவதற்கு கார்ல்ஸ்பிளாட்ஸ் மெட்ரோ நிலையம் காலடியிலேயே இருக்கிறது, யு1, யு2, யு4 மூன்றும் அங்கே வரும். வெள்ளி, சனி இரவுகளில் மெட்ரோ விடிய விடிய ஓடும். மற்ற நாட்களில் நள்ளிரவு தாண்டியதும் நின்றுவிடும், வாக்னருக்குப் பிறகு சாஸேஜ் கடையில் ரொம்ப நேரம் அரட்டை அடித்தால் இரவுப் பேருந்துதான்.